மூன்று நிமிஷ இறால்

2019-ம் வருஷம் நவம்பர் 29-ந் தேதி காஞ்சிபுரம் மாவட்டத்துக்குக் கடல் இல்லாமல் போய்விட்டது.

பயப்படாதீர்கள்! வங்காள விரிகுடா இருந்த இடத்தில்தான் இருக்கிறது. அலையும் வழக்கம்போலத்தான் அடிக்கிறது. அன்றைய தினம் செங்கற்பட்டு என்று ஒரு தனி மாவட்டம் ஏற்பட்டது. அந்தப் பாகப் பிரிவினையில் காஞ்சிபுரத்தின் பங்குக்குக் கோயில்களும் தறிகளும் வந்தன. மாமல்லபுரம், கோவளம், சதுரங்கப்பட்டினம் என்று கடற்கரை முழுவதும் செங்கற்பட்டின் பங்குக்குப் போய்விட்டது. பல்லவர் காலத்தில் காஞ்சிக்குத் துறைமுகமாக இருந்த மாமல்லபுரம் இன்றைக்கு அடுத்த வீட்டுக்காரர் சொத்து!

ஆனால் இறாலுக்கு மாவட்ட எல்லை தெரியுமா, என்ன? அது பாட்டுக்கு ஐஸ் பெட்டியில் ஏறி உட்கார்ந்துகொண்டு, அறுபது எழுபது கிலோ மீட்டர் பிரயாணம் செய்து, காஞ்சிபுரம் நெசவாளர் வீட்டு அடுப்பங்கரைக்குத் தவறாமல் வந்து சேருகிறது. அப்படி வந்து சேர்ந்த அரைக் கிலோ இறாலைப் பற்றித்தான் உங்களிடம் சொல்லப் போகிறேன்.

"கோயில் நகரத்தில் இறாலா? சிவ சிவா!" என்று சில சகோதரிகள் பக்கத்தைப் புரட்டித் தொடர்கதைக்குப் போய்விடப் பார்ப்பீர்கள். கொஞ்சம் பொறுங்கள். முதலாவது, கடைசியில் உங்களுக்கும் ஒன்று வைத்திருக்கிறேன். இரண்டாவது, காஞ்சிபுரம் என்றைக்குமே இரண்டு சமையல்களின் ஊர். காஞ்சியை ஆண்ட தொண்டைமான் இளந்திரையன் மீது பாடப்பட்ட பெரும்பாணாற்றுப்படை என்ற சங்க நூலில், அந்த ஊருக்குப் போகும் வழியில் என்னென்ன சாப்பாடு கிடைக்கும் என்று ஒரு பெரிய பட்டியலே இருக்கிறது. அந்தணர் வீட்டில் மாதுளங்காயை வெண்ணெயிலே பக்குவம் செய்து போடுவார்கள். வலைஞர் குடியிருப்பில் சுட்ட மீன் கிடைக்கும். இரண்டையும் ஒரே பாட்டில், ஒரே மரியாதையோடு புலவர் சொல்லியிருக்கிறார். நாம் எதற்கு முகத்தைச் சுளிக்க வேண்டும்?

இறால் என்ற சொல்லும் புதிதல்ல. சங்கப் பாட்டுக்களிலே அது 'இறவு'. வட ஆற்காடு, செங்கற்பட்டுப் பக்கத்துப் பேச்சிலே 'எறா'. அகராதியைப் புரட்டினால் 'இறால்' என்பதற்குத் தேன்கூடு என்றும் ஓர் அர்த்தம் இருக்கிறது. இறால் பிரியர்களைக் கேட்டால் இரண்டும் ஒன்றுதான் என்பார்கள்!

நான் காஞ்சிபுரத்துக்குப் போனது இறாலுக்காக அல்ல. பட்டுப் புடவையில் கோர்வை போடுவதைப் பார்ப்பதற்காக. பிள்ளையார்பாளையத்தில் ஒரு குறுகலான தெரு. விடியற்காலையில் அந்தத் தெரு நெடுகப் பாவு நீட்டிக் கஞ்சி போட்டிருந்தார்கள். வீட்டுக்குள் நுழைந்ததும் முன் கூடத்திலேயே குழித்தறி. கோர்வைப் புடவை என்றால் உடல் ஒரு நிறம், கரை வேறு நிறம். இரண்டையும் ஊடையிலேயே ஒன்றோடொன்று கோத்து நெய்ய வேண்டும். அதற்கு ஒரு ஆள் போதாது. நெய்கிறவர் நடுவில், பக்கத்திலே உட்கார்ந்து கரைக்கு நாடாவைத் தள்ளிக் கொடுக்க இன்னொருவர். அந்த இன்னொருவர் பெரும்பாலும் வீட்டுப் பெண்தான். வேலைப்பாடு குறைவாக இருந்தாலே ஒரு புடவைக்குப் பத்துப் பதினைந்து நாள் ஆகும். அதிகமானால் மாதக் கணக்கு.

'காஞ்சிபுரம் போனால் காலாட்டிப் பிழைக்கலாம்' என்று ஒரு பழமொழி உண்டல்லவா? தறியிலே மிதியை மிதித்தால் சோறு கிடைக்கும் என்று அர்த்தம். காலாட்டுகிறவர் கணவன், சரி. பக்கத்திலே உட்கார்ந்து நாடா தள்ளி, மற்ற நேரத்தில் ராட்டையில் தார் சுற்றி, நடுவே எழுந்து போய்ச் சோறும் ஆக்குகிற மனைவிக்குப் பழமொழியிலே ஒரு வார்த்தைகூட இல்லை!

சாயங்காலம் ஆறரை மணிக்கு அந்த வீட்டு அக்கா தறியை விட்டு எழுந்தார். அதே சமயம் அவருடைய கொழுந்தனார் ஒரு பையோடு உள்ளே வந்தார். பையில் எறா. ஏழரை மணிக்குள் பிள்ளைகள் சாப்பிட்டுவிட்டுப் பாடம் படிக்க வேண்டும். நான் கைக்கடிகாரத்தைப் பார்த்தேன்.

"இந்நேரத்துக்கு மேலேயா அக்கா, இதையெல்லாம் உரித்துச் சமைக்கப் போகிறீர்கள்?"

"பின்னே, காலையிலே தொட முடியுமா? எறா தொட்ட கையோட பட்டைத் தொட்டா அவ்வளவுதான். எண்ணெய்க் கை, பூண்டுக் கை எதுவும் ஆகாது. ஜரிகை வெள்ளியாச்சே, கறுத்துப் போகும். தறி வேலை முடிஞ்ச பிறகுதான்மா எங்களுக்கு எறா."

இதைக் கேட்ட பிறகுதான் அந்த வீட்டுச் சமையலின் சூட்சுமம் எனக்குப் புரிந்தது. காலையிலே மசாலா அரைத்து வைத்து, மத்தியானம் புளி ஊறப் போட்டு, தேங்காய் துருவி நிதானமாகச் சமைக்க அங்கே யாருக்கும் பொழுது கிடையாது. அதனால் புளியும் இல்லை, தேங்காயும் இல்லை, தக்காளிதான் எல்லாம். உலை வைத்ததிலிருந்து இலை போட்டது வரை நாற்பது நிமிஷம். அதிலே பாதி நேரம் இறாலை உரிப்பதற்குத்தான் போயிற்று.

இப்போது நீங்கள் பேப்பரும் பென்சிலும் எடுத்துக்கொள்ளலாம்.

தோடும் தலையுமாக அரைக் கிலோ இறால் வாங்கினால், உரித்த பிறகு கால் கிலோவுக்குச் சற்று அதிகமாகத் தேறும். தலையைக் கிள்ளி, தோட்டை உரித்து, முதுகிலே கத்தி நுனியால் லேசாகக் கீறினால் கறுப்பாக ஒரு நரம்பு தெரியும். நரம்பு என்று சொல்கிறோமே தவிர, அது இறாலின் குடல். இழுத்து எறிந்துவிடுங்கள். உரித்ததை இரண்டு தடவை தண்ணீரில் அலசி, கொஞ்சம் மஞ்சள் தூளும் உப்பும் பிசறி வையுங்கள். எலுமிச்சம் பழத்தைப் பிழிந்து அரை மணி ஊற வைக்கும் வழக்கம் சில வீடுகளில் இருக்கிறது; வேண்டாம். புளிப்பில் ஊறினாலே இறாலின் சதை இறுக ஆரம்பித்துவிடும்.

தலையையும் தோட்டையும் குப்பையில் கொட்டிவிடாதீர்கள். அந்த அக்கா அவற்றை அலம்பி, ஒரு தம்ளர் தண்ணீரில் போட்டுப் பத்து நிமிஷம் கொதிக்கவிட்டு வடிகட்டி வைத்துக்கொண்டார். தண்ணீர் இளஞ்சிவப்பாக, மணமாக இருந்தது. கடைகளில் பொட்டலமாக விற்கும் எந்த மசாலாவும் இதற்கு உறை போடக் காணாது. ஓட்டல் சமையல்காரர்கள் பெரிதாகப் பேசிக்கொள்ளும் ரகசியம், இங்கே குப்பைக்குப் போகிற பொருளில் கிடைத்துவிட்டது.

பக்கத்து அடுப்பிலே சோறு வெந்துகொண்டிருக்கட்டும். சட்டியில் இரண்டு மேஜைக் கரண்டி நல்லெண்ணெய். காய்ந்ததும் அரைத் தேக்கரண்டி சோம்பு, ஒரு கொத்துக் கறிவேப்பிலை. பிறகு பொடியாக நறுக்கிய பெரிய வெங்காயம் இரண்டு. (சின்ன வெங்காயம் என்றால் இன்னும் பேஷ், ஆனால் உரித்து முடிப்பதற்குள் பிள்ளைகள் தூங்கிவிடும்.) வெங்காயத்தோடு ஒரு சிட்டிகை உப்புப் போட்டால் சீக்கிரம் வதங்கும். அது சிவக்கத் தொடங்கியதும், தட்டிய பூண்டு ஆறு பல், ஒரு துண்டு இஞ்சி. பிறகு மிளகாய்த் தூள் ஒன்றரைத் தேக்கரண்டி, தனியாத் தூள் ஒரு தேக்கரண்டி. தூள் கருகுவதற்கு முன்பாகவே நறுக்கிய தக்காளி நாலைந்தைப் போட்டு மூடிவிட வேண்டும். தக்காளி குழைந்து, எண்ணெய் ஓரத்திலே பிரிந்து வர எட்டுப் பத்து நிமிஷம் ஆகும். இந்த ஒரு இடத்தில் மட்டும் அவசரம் கூடாது. பச்சை வாசனை போகாத தக்காளியில் இறாலைப் போட்டால், தக்காளி வேகும் வரை இறாலும் வெந்து தொலைக்கும்.

தொக்கு திரண்டதும் தோட்டுத் தண்ணீரை அரைத் தம்ளர் ஊற்றிச் சுண்ட விடுங்கள். அதற்குப் பிறகுதான் இறால். போட்டதும் ஒரு கிளறு. மூன்று நிமிஷம்; கொஞ்சம் பெரியதாக இருந்தால் நாலு. அடுப்பை அணைத்து, மிளகுத் தூள், கொத்துமல்லி தூவி மூடி வைத்துவிட்டால் மிச்சப் பக்குவத்தைச் சட்டியின் சூடே பார்த்துக்கொள்ளும்.

எப்போது வெந்தது என்று தெரிந்துகொள்வதற்கு அந்த அக்கா ஒரு அடையாளம் சொன்னார். இறால் பிறைச் சந்திரன்போல வளைந்தால் பதம். தலையும் வாலும் முட்டிக்கொண்டு வளையல்போலச் சுருண்டுவிட்டால் கதை முடிந்தது. "அப்புறம் செருப்பு வாரு மாதிரி இழுக்கும்" என்றார். இதைவிடச் சுருக்கமாக எந்தச் சமையல் புத்தகமும் சொல்ல முடியாது. சூடு ஏற ஏறச் சதையிலுள்ள புரதம் சுருங்கித் தன்னிடமிருந்த நீரைப் பிழிந்து வெளியே தள்ளிவிடுகிறது, மிஞ்சுவது ரப்பர். நம் வீடுகளில் "நல்லா வேகட்டும், நல்லா வேகட்டும்" என்று இருபது நிமிஷம் கொதிக்க வைக்கிறார்களே, அது இறாலுக்குச் செய்யும் மகா துரோகம். காஞ்சிபுரம் வரதராஜப் பெருமாள் கோயில் இட்டிலி இருக்கிறதே, மிளகும் சீரகமும் சுக்கும் போட்டு மூங்கில் கூடையிலே வேக வைப்பது, அதற்கு மணிக்கணக்கு வேண்டும், கொடுக்கலாம். இறாலுக்கு மூன்று நிமிஷத்துக்கு மேல் கொடுக்கக் கூடாது.

நிறத்தையும் கவனித்திருப்பீர்கள். பச்சையாக இருக்கும்போது சாம்பல் நிறம். சூடு பட்டதும் செக்கச் செவேல் என்று ஆகிவிடுகிறது. அந்தச் சிவப்பு தக்காளியிலிருந்து ஏறியதல்ல. இறாலின் உடம்பிலேயே அஸ்டாக்ஸாந்தின் என்ற சிவப்புச் சாயம் இருக்கிறது. உயிரோடு இருக்கும்போது அது ஒரு புரதத்தோடு ஒட்டிக்கொண்டு மறைந்து கிடக்கிறது. சூட்டில் அந்தப் புரதம் குலைந்ததும் தன் சொந்த நிறத்தைக் காட்டிவிடுகிறது. பூநாரைக்குச் சிவப்புக் கொடுப்பதும் இந்தச் சாயத்தின் குடும்பம்தான். பட்டுக்குச் சாயம் ஏற்றுகிற ஊரில் இந்தச் சங்கதியைச் சொன்னபோது, தறியில் இருந்தவர் தலையை நிமிர்த்தி, "போகாத சாயமா?" என்று கேட்டார்!

தக்காளிச் சாறு என்றதும் குப்பியில் வருகிற சாஸை எடுத்துக் கவிழ்த்துவிடாதீர்கள். பல குப்பிகளில் ஏறக்குறைய நாலில் ஒரு பங்கு சர்க்கரைதான், உப்பும் தாராளம். பஜ்ஜிக்குத் தொட்டுக்கொள்ளுங்கள், போகட்டும். தொக்குக்கு நாட்டுத் தக்காளிதான் சரி; புளிப்பும் சாறும் அதிகம். பெங்களூர்த் தக்காளியில் சதைப் பற்று அதிகம், புளிப்புக் குறைவு. இரண்டையும் பாதிப் பாதி போட்டால் தொக்கு திரண்டும் வரும், உறைத்தும் வரும். தக்காளிக்குச் சிவப்புக் கொடுக்கும் லைக்கோபீன் என்ற சத்து, பச்சையாகத் தின்பதைவிட எண்ணெயோடு வேக வைத்துச் சாப்பிடும்போதுதான் உடம்பில் நன்றாகச் சேருகிறது. 2023 ஜூலையில் தக்காளி கிலோ நூறு ரூபாயைத் தாண்டி, அரசாங்கமே ரேஷன் கடைகளில் அறுபது ரூபாய்க்கு விற்றதே, நினைவிருக்கிறதா? அந்த மாதம் அந்த வீட்டில் என்ன செய்தார்கள் என்று கேட்டேன். "என்ன செய்யறது, பாட்டி காலத்துப் புளிக் குழம்புதான்" என்றார் அக்கா.

பாட்டி காலத்துக்கும் முந்திய பாட்டி காலம் என்று சொல்ல வேண்டும். தக்காளி தென்னமெரிக்காவில் தோன்றி, மெக்ஸிகோவில் வீட்டுப் பயிராகி, போர்ச்சுக்கீசியரோடு கப்பலேறி நம் நாட்டுக்கு வந்த விருந்தாளி. மிளகாயும் அதே வழிதான். இப்போது நம் சந்தைகளில் பெரும்பாலும் கிடைக்கும் வெளிறிய இறால் இருக்கிறதே, வன்னாமி, அதுவும் மெக்ஸிகோ முதல் பெரு வரையுள்ள பசிபிக் கடற்கரையைச் சொந்த ஊராகக் கொண்டது! 2009-ம் வருஷம்தான் அதை இந்தியாவில் வளர்க்க அனுமதி தந்தார்கள். ஆக, தக்காளியும் மிளகாயும் ஒரு கப்பலில் வந்து நானூறு வருஷத்துக்கு மேல் காத்திருக்க, அதே சீமையிலிருந்து இறால் பின்னாலே வந்து சேர்ந்து, மூன்றும் காஞ்சிபுரத்துச் சட்டி ஒன்றிலே சந்தித்துக்கொள்கின்றன. கிரேக்க தேசத்தில் இறாலைத் தக்காளியில் வேக வைத்து மேலே ஆட்டுப் பாலாடைக் கட்டியை உதிர்த்துப் போடுகிறார்கள். அமெரிக்காவின் நியூ ஆர்லியன்ஸ் நகரத்தில் குடமிளகாய் சேர்த்துச் சோற்றோடு சாப்பிடுகிறார்கள். நம் கறிவேப்பிலையும் சோம்பும் அவர்களுக்குத் தெரியாது, பாவம்!

சரி, இலை போட்டாயிற்று. இனிமேல்தான் நான் சொல்ல வந்த விஷயம்.

அரைக் கிலோவில் மொத்தம் இருபத்தைந்து இறால். நான் எண்ணினேன் என்று சொல்வதைவிட, அந்த அக்கா எண்ணிப் போட்டதைப் பார்த்தேன் என்பதே சரி. கணவருக்கு ஏழு. கொழுந்தனாருக்கு ஆறு. பிள்ளைகள் இருவருக்கும் ஐந்து ஐந்து. விருந்தாளி என்று எனக்கு ஒரு கிண்ணத்தில் இரண்டு. மாமனார் கையைக் குறுக்கே நீட்டி, "எனக்கு வேண்டாம். இதயக்காரன் எறா தின்னக் கூடாது, கொழுப்பு" என்றார். சட்டியில் மிச்சம் சிவந்த தொக்கு மட்டும்.

"உங்களுக்கு, அக்கா?"

"எனக்குச் சாறு போதும்மா. சத்தெல்லாம் சாறிலேதானே இறங்கியிருக்கு!"

எத்தனை வீடுகளில் எத்தனை தலைமுறையாக இந்த வாக்கியத்தைப் பெண்கள் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள்! கோழிக் குழம்பானாலும் இதுதான், மீன் குழம்பானாலும் இதுதான். கேட்பதற்குச் சாஸ்திர வாக்கியம்போல இருக்கிறது. கணக்குப் போட்டுப் பாருங்கள். நூறு கிராம் இறால் சதையில் சுமார் இருபது கிராம் புரதம். அந்த இருபத்தைந்தில் ஒவ்வொன்றிலும் இரண்டு கிராம் தேறும். ஐம்பத்தைந்து கிலோ எடையுள்ள ஒரு பெண்ணுக்கு நாள் ஒன்றுக்கு நாற்பத்தாறு கிராம் புரதம் வேண்டும் என்று ஹைதராபாத்திலுள்ள தேசிய ஊட்டச்சத்து நிறுவனமும் இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகமும் 2020-ல் கணக்குச் சொல்லியிருக்கின்றன. ஏழு இறால் சாப்பிட்டவருக்கு ஒரே வேளையில் பதினாலு கிராம். சாறு சாப்பிட்டவருக்கு? சட்டியிலிருந்த வெங்காயம், தக்காளி எல்லாவற்றையும் சேர்த்தாலும் ஐந்தாறு கிராம். அதில் ஒரு கரண்டிதான் அவர் பங்கு. மூன்று நிமிஷம் வேகும் இறாலிலிருந்து சாற்றுக்கு இறங்குவது ருசி. சதையிலுள்ள புரதம் சதையிலேதான் இருக்கிறது. பகலெல்லாம் நாடா தள்ளிய கைக்கு ருசி மட்டும் எப்படிப் போதும்?

இதை அவரிடம் சொன்னேன். அவர் சிரித்தார். "எண்ணிப் போடறதாலேதான் இந்த வம்பு. எண்ணாம போட்டா ஆம்பளைங்க மூணு வாயிலே காலி பண்ணிடுவாங்க" என்றார். கணவர் தட்டைப் பார்த்துக்கொண்டே இரண்டு இறாலை எடுத்து மனைவியின் தட்டுப் பக்கம் நகர்த்தினார். "அட, எச்சில் பண்ணாதீங்க" என்று அவர் அதையும் சின்னவன் தட்டில் போட்டுவிட்டார். இதற்கு மேல் ஒரு பத்திரிகைக்காரி என்ன செய்ய முடியும்?

யோசித்துப் பார்த்ததில் எனக்கு ஒரு உபாயம் தோன்றியது. வீட்டில் செய்தும் பார்த்தேன். உரித்த இறால் ஒவ்வொன்றையும் சமைப்பதற்கு முன்பே இரண்டு மூன்று துண்டாக நறுக்கிவிடுவது. துண்டாகிவிட்டால் எண்ண முடியாது. கரண்டியால்தான் போட முடியும். துண்டு சிறியதாவதால் இரண்டே நிமிஷத்தில் வெந்தும் விடுகிறது. இன்னும் ஒரு படி மேலே போய், வடித்த சோற்றைத் தொக்குச் சட்டியிலேயே கொட்டிக் கிளறி, வீட்டில் எத்தனை பேரோ அத்தனை தட்டையும் ஒரே வரிசையில் வைத்துப் பங்கு போட்டுவிடலாம். உங்கள் தட்டையும் சேர்த்துத்தான் சொல்கிறேன். சட்டி காலியான பிறகு "எனக்குச் சாறு போதும்" என்று சொல்வதற்குச் சாறும் இருக்காது!

மாமனாருடைய விஷயத்துக்கு வருகிறேன். இறாலில் கொலஸ்டிரால் உண்டு, பொய்யல்ல. நூறு கிராமில் நூற்றைம்பது மில்லி கிராமுக்கு மேல் இருக்கும். ஒரு காலத்தில் நாளைக்கு முந்நூறுக்கு மேல் கூடாது என்று அமெரிக்கர்கள் வரம்பு கட்டியிருந்தார்கள். 2015-ம் வருஷ ஆகார வழிகாட்டியில் அந்த எண்ணையே எடுத்துவிட்டார்கள். காரணம், பெரும்பாலானவர்களுக்கு ரத்தத்தில் கொலஸ்டிராலை ஏற்றிவிடுவது, சாப்பாட்டில் இருக்கும் கொலஸ்டிராலைவிட, நெய், வெண்ணெய், தேங்காய், வனஸ்பதி வகையறாவிலுள்ள கொழுப்புத்தான் என்று தெரிய வந்தது. இறாலில் அந்தக் கொழுப்பு மிகவும் சொற்பம். 1996-ல் நியூயார்க்கிலுள்ள ராக்பெல்லர் பல்கலைக் கழகத்தில் ஒரு சோதனை செய்தார்கள். ஆரோக்கியமாக உள்ளவர்களுக்குத் தினம் முந்நூறு கிராம் வேக வைத்த இறால் கொடுத்ததில், கெட்ட கொலஸ்டிரால் ஏழு சதவிகிதம் ஏறியது. நல்லது பன்னிரண்டு சதவிகிதம் ஏறியது. டிரைகிளிசரைடு என்ற மற்றொரு கொழுப்பு பதின்மூன்று சதவிகிதம் இறங்கியது. அதற்காக இதய நோயாளிகள் எல்லோரும் நாளையே சந்தைக்கு ஓட வேண்டும் என்று நான் சொல்லவில்லை. அவரவர் டாக்டருக்குத்தான் அவரவர் உடம்பு தெரியும். ஆனால் டாக்டரைக் கேட்கும்போது, "இறால் சாப்பிடலாமா?" என்று மொட்டையாகக் கேட்காமல், "தக்காளியில் வேக வைத்து, கொஞ்சம் எண்ணெயில், ஐந்தாறு சாப்பிடலாமா?" என்று கேளுங்கள். பதில் வேறாக இருக்கக்கூடும். எண்ணெயில் பொரித்து, தேங்காய்ப் பாலில் மிதக்கவிட்டு, பரோட்டாவோடு சேர்த்தால், பழி ஓரிடம் பாவம் ஓரிடம் என்று இறாலின் தலையில் வந்து விடிகிறது.

ஒருவர் மட்டும் இறாலைத் தொடவே கூடாது: அதைச் சாப்பிட்டால் உடம்பு தடித்து, உதடு வீங்கி, மூச்சு முட்டுகிறவர். அது ஒவ்வாமை. வேக வைத்தாலும் போகாது. அதே சட்டியிலிருந்து சாறு மட்டும் போட்டாலும் போகாது. ஒரு தடவை அப்படி வந்திருந்தால் விளையாட்டாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

வாங்கும்போது கவனிக்க வேண்டியது அதிகம் இல்லை. தலை உடம்போடு இறுக ஒட்டியிருக்க வேண்டும். தோடு பளபளக்க வேண்டும். முகர்ந்தால் கடல் வாசனை வரலாம், மூக்கைத் துளைக்கும் நவச்சார நெடி வரக் கூடாது. தலை கறுத்துத் தொங்கினால் பழசு. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை அறுபத்தொரு நாள் கிழக்குக் கடற்கரையில் விசைப்படகுகள் மீன் பிடிக்கக் கூடாது என்று தடை இருப்பதால், அந்த நாட்களில் கடல் இறால் குறைந்து, விலை ஏறும். பண்ணை இறால்தான் கைகொடுக்கும். அதுவும் இல்லாவிட்டால் காஞ்சிபுரத்தாருக்குச் சென்னாக்குன்னி இருக்கவே இருக்கிறது. காயவைத்த பொடி இறால். கடலை விட்டுத் தள்ளியிருக்கும் ஊர்களுக்கு ஐஸ் பெட்டி வருவதற்கு முன்னால் இறால் ருசி காட்டியது இதுதான். ஒரு பிடி எடுத்து வெறும் சட்டியில் வறுத்து, மண் போக அலசி, இதே தக்காளித் தொக்கில் போட்டுப் பாருங்கள். உப்பை மட்டும் பாதியாகக் குறையுங்கள்.

பல வருஷங்களாக நம் நாட்டு இறாலை மிகுதியாக வாங்கிச் சாப்பிட்டு வந்தது அமெரிக்கா. 2025 ஆகஸ்டில் அவர்கள் இந்தியச் சரக்குகளின் மேல் வரியை ஐம்பது சதவிகிதமாக ஏற்றியபோது, ஆந்திராவிலும் தமிழ்நாட்டிலும் இறால் பண்ணைக்காரர்கள் கதிகலங்கிப் போனார்கள். நம்மிடம் விளைவதை வாங்க நம்மிடமே ஆள் இல்லையா என்று அப்போது பலர் கேட்டார்கள். அந்த இருபத்தைந்து இறாலைப் பார்த்தபோது எனக்கு அதே கேள்விதான் எழுந்தது.

சைவச் சகோதரிகளுக்கு வாக்குக் கொடுத்திருந்தேனல்லவா? புரட்டாசி மாதத்தில் அந்தத் தறி வீட்டிலும் இறால் வாசனை கிடையாது. வைகாசியில் வரதருக்குக் கருட சேவை நடக்கிற சமயத்திலும் கிடையாது. ஆனால் தொக்கு நிற்காது. எண்ணெய் பிரிந்து வந்த தக்காளியில், முதல் நாளே ஊற வைத்து வேக வைத்த கொண்டைக் கடலை ஒரு கிண்ணம் போட்டு, கடலை வெந்த தண்ணீரையே தோட்டுத் தண்ணீருக்குப் பதிலாக ஊற்றிச் சுண்ட விடுகிறார்கள். வெந்த கடலை நூறு கிராமில் எட்டு ஒன்பது கிராம் புரதம் இருக்கிறது. பன்னீர்த் துண்டு போட்டால் அதைப்போல இரண்டு மடங்கு. அது சூடேறினாலே போதும், வேக வேண்டியதில்லை. ஆனால் கடலையில் ஒரு சௌகரியம் இருக்கிறது. அதை யாராலும் எண்ணிப் போட முடியாது.